ஒரு துண்டு நியூஸ் பேப்பர் போதும், கை நரம்பின் குட்டு உடைந்துவிடும்... தெரியுமா?

ஸ்கேன் கிடையாது. ஊசி கிடையாது. கையில் ஒயர் ஒட்டி கரன்ட் வைத்துப் பார்க்கும் மெஷினும் கிடையாது. ஒரே ஒரு துண்டு நியூஸ் பேப்பரை வைத்துக்கொண்டு, முன்கையில் ஓடும் நரம்பு வேலை செய்கிறதா, படுத்துவிட்டதா என்று கண்டுபிடித்துவிடலாம், தெரியுமா? முதல் உலகப் போரில் குண்டடி பட்ட சிப்பாய்களுக்கு வைத்தியம் பார்த்த பிரெஞ்சு மருத்துவர் ஜூல் ஃப்ரோமான் 1915-இல் உலகுக்குச் சொன்ன வித்தை இது!

நீங்களே செய்து பாருங்கள். பேப்பரின் இரு ஓரத்தையும் இரண்டு கைகளாலும் பிடியுங்கள். கட்டைவிரல் நீட்டியபடி, ஆள்காட்டி விரலின் பக்கவாட்டில் அழுத்தியிருக்க வேண்டும். இப்போது வெளிப்பக்கமாக இழுங்கள். நல்ல கையில் கட்டைவிரல் விறைப்பாக நிற்கும். அல்நார் நரம்பு பழுதான கையில் கட்டைவிரலின் நுனி மூட்டு மட்டும் வெடுக்கென்று மடங்கிக்கொள்ளும். பேப்பர் பெரும்பாலும் நழுவாது. அதுதான் வேடிக்கை!

என்ன நடக்கிறது? கட்டைவிரலை உள்பக்கம் அணைத்துப் பிடிக்கும் தசைக்கு உத்தரவு போடுவது அல்நார் நரம்பு. அது கைவிட்டதும், முன்கையிலிருந்து இறங்கி வரும் வேறொரு தசை ஓடி வந்து நுனியை மடக்கிப் பேப்பரைக் கவ்விக்கொள்கிறது. இந்தத் தசை மீடியன் நரம்பின் ஆள். மட்டம் போட்ட நண்பனுக்காகக் குரலை மாற்றி 'உள்ளேன் ஐயா' சொல்கிற பையனைப் போல! கையைப் பரிசோதிக்கும் கலையே இந்தப் போலி ஆஜரைப் பிடிப்பதில்தான் இருக்கிறது. விரல் அசைகிறதா என்று மட்டும் பார்க்கிறவர் ஏமாந்துபோவார். எந்தத் தசை அசைக்கிறது என்று பார்க்கிறவரிடம்தான் நரம்பு மாட்டிக்கொள்ளும்.

முன்கைக்குள் ஓடும் பெரிய நரம்புகள் எத்தனை தெரியுமா? மூன்றே மூன்று. மணிக்கட்டைத் தூக்கி விரல்களைத் திறப்பது ரேடியல். விரல்களை மடக்கும் வேலையில் பெரும்பங்கும், கட்டைவிரல், ஆள்காட்டி விரல், நடுவிரலின் தொடு உணர்வும் மீடியனுக்கு. சுண்டுவிரல் பக்கத்து உணர்வும், உள்ளங்கைக்குள் ஒளிந்திருக்கும் குட்டித் தசைகளில் பெரும்பாலானவையும் அல்நாருக்கு. முழங்கையை மேஜை விளிம்பில் இடித்துக்கொண்டால் சுண்டுவிரல் வரை சுரீரென்று ஓடுகிறதே, அது எலும்பின் வலி என்று நினைத்தீர்களா? அல்நார் நரம்பின் அலறல் அது! இந்த நரம்புகளில் செய்தி ஓடும் வேகம் வினாடிக்கு 50 மீட்டருக்கும் மேல். மணிக்கணக்கில் சொன்னால் 180 கிலோமீட்டர்!

இதில் மோதிர விரலின் நிலைமைதான் பரிதாபம். ஒரே விரலுக்கு இரண்டு முதலாளிகள். பெரும்பாலானவர்களுக்கு நடுவிரலை ஒட்டிய பாதி மீடியனுக்கும், சுண்டுவிரலை ஒட்டிய பாதி அல்நாருக்கும் சொந்தம். பஞ்சால் மோதிர விரலின் இரண்டு பக்கமும் மாறி மாறித் தொட்டுப் பார்ப்பார்கள். ஒரு பக்கம் தெரிந்து மறுபக்கம் மரத்துப்போயிருந்தால், எந்த நரம்பு என்று அந்த ஒற்றை விரலே காட்டிக்கொடுத்துவிடும்!

அதேபோல ஒவ்வொரு நரம்புக்கும், பக்கத்து நரம்பு பொதுவாகத் தலையிடாத ஒரு தனி இடம் உண்டு. ஆள்காட்டி விரல் நுனி மீடியனுக்கு. சுண்டுவிரல் நுனி அல்நாருக்கு. புறங்கையில் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே உள்ள சவ்வுப் பகுதி ரேடியலுக்கு. மூன்று தொடல், மூன்று நரம்பு! கண்ணாடி கிழித்துக் கையில் ரத்தத்தோடு வருகிறவரை மரத்துப்போகும் ஊசி போடுவதற்கு முன்பே இப்படித் தொட்டுப் பார்த்துவிட வேண்டும். ஊசி போட்ட பிறகு எல்லா விரலும் ஒரே பதிலைத்தான் சொல்லும்.

கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் சேர்த்து வட்டமாக்கி 'சூப்பர்!' என்று காட்டுகிறோமே, அது ஒரு நரம்புப் பரிசோதனை, தெரியுமா? மீடியன் நரம்பு முன்கையில் ஒரு கிளை விடுகிறது. அந்தக் கிளை பழுதானால் வட்டம் வராது. இரண்டு விரலின் நுனி மூட்டும் மடங்காமல், விரல்களின் சதைப்பகுதி தட்டையாக ஒட்டிக்கொண்டு, வட்டம் நசுங்கிக் கண்ணீர்த் துளி வடிவம் ஆகிவிடும். 1952-இல் கிலோ, நெவின் என்ற இருவர் இந்தப் பாதிப்பை விவரமாக எழுதினார்கள். இந்தக் கிளை தோலின் உணர்வுக்குக் கொஞ்சமும் பொறுப்பில்லை. ஆகவே மதமதப்பு கிடையாது, எரிச்சல் கிடையாது. "மரத்துப்போச்சா?" என்று கேட்டால் நோயாளி இல்லை என்று தலையாட்டுவார். வட்டம் போடச் சொல்லாத டாக்டர் கோட்டை விட்டுவிடுவார்!

குழந்தைகளுக்கு இன்னும் அழகான வழி இருக்கிறது. மரத்திலிருந்தோ ஊஞ்சலிலிருந்தோ விழுந்து முழங்கைக்கு மேல் எலும்பு முறிந்த ஐந்தாறு வயதுக் குழந்தை அழுதுகொண்டு வரும். அதனிடம் போய், மணிக்கட்டைத் தூக்கு, விரலை விரி என்று பாடம் நடத்த முடியுமா? கல், காகிதம், கத்தரி ஆட்டம் ஆடுவார்கள்! கல் என்று கையை மூடினால் மீடியன் நலம். காகிதம் என்று விரித்தால் ரேடியல் நலம். கத்தரி என்று விரல்களை அகட்டினால் அல்நார் நலம். கடைசியில் ஒரு 'சூப்பர்' வட்டம். இந்த வகை முறிவில் அதிகமாக அடிவாங்குவதே அந்த வட்டத்தின் நரம்புக் கிளைதான் என்பதால் கடைசி ஆட்டத்தை விடவே கூடாது. உலகத்தில் மிக மலிவான பரிசோதனை எது என்று என்னைக் கேட்டால் இதைத்தான் சொல்வேன்.

குடித்துவிட்டு நாற்காலியின் முதுகில் கையைத் தொங்கப் போட்டபடி தூங்கியவர், விடிந்ததும் மணிக்கட்டைத் தூக்க முடியாமல் விழிப்பார். மேல்கை எலும்பைச் சுற்றி இறங்கும் ரேடியல் நரம்பு இரவெல்லாம் நசுங்கியதன் பலன். மேலைநாடுகளில் இதற்குச் சனிக்கிழமை இரவு வாதம் என்றே பெயர்! இங்கேயும் ஒரு போலி ஆஜர் உண்டு. ரேடியல் படுத்த பிறகும் விரல் நுனிகளை நீட்ட முடியும். அல்நார் நரம்பின் குட்டித் தசைகள் அந்த வேலையைச் செய்துவிடும். உண்மை தெரிய வேண்டுமா? உள்ளங்கையை மேஜைமீது தட்டையாக வைத்து, கட்டைவிரலை மட்டும் மேஜையிலிருந்து மேலே தூக்கச் சொல்ல வேண்டும். ரேடியல் இல்லாமல் அது எழும்பாது. இந்த வகை அழுத்த பாதிப்பு பெரும்பாலும் சில வாரம், சில மாதத்தில் தானாகச் சரியாகிவிடும். ஆனால் ஒன்று. திடீரென்று கை துவண்டு, கூடவே பேச்சு குழறினாலோ முகம் கோணினாலோ பேப்பரைத் தேடிக்கொண்டிருக்காதீர்கள். அது பக்கவாதமாக இருக்கலாம். 108-ஐக் கூப்பிடுங்கள்.

1915 ஜூல் என்ற பெயருக்கே யோகமான வருடம் போலிருக்கிறது. அதே ஆண்டு அதே பிரான்ஸில் ஜூல் டினெல் என்ற இன்னொரு மருத்துவர், விரலால் நரம்பின்மீது லேசாகத் தட்டிப் பார்த்தார். காயப்பட்ட நரம்பு மீண்டும் வளரத் தொடங்கியிருந்தால், தட்டிய இடத்திலிருந்து விரல் நுனியை நோக்கி எறும்பு ஊறுவதுபோல் ஒரு குறுகுறுப்பு ஓடியது! வலி என்றால் நரம்பு எரிச்சலில் இருக்கிறது, குறுகுறுப்பு என்றால் துளிர்க்கிறது என்று பிரித்துச் சொன்னார் அவர். இதில் இன்னொரு அதிசயம் தெரியுமா? போர்முனையின் அந்தப் பக்கம், ஜெர்மனியில் பால் ஹாஃப்மன் என்பவர் அதே ஆண்டில், சில மாதங்கள் முன்னதாகவே, இதே அடையாளத்தை எழுதியிருந்தார்! இரண்டு எதிரி நாடுகள், ஒரே தட்டல், ஒரே எறும்பு ஊறல்!

வெட்டுப்பட்ட நரம்பு நாளொன்றுக்குச் சுமார் ஒரு மில்லிமீட்டர் வளரும். மாதத்துக்கு ஏறத்தாழ ஓர் அங்குலம். ஆகவே தட்டும்போது குறுகுறுக்கும் இடத்தில் பேனாவால் புள்ளி வைத்து, அடுத்த மாதம் புள்ளி எவ்வளவு கீழே இறங்கியிருக்கிறது என்று ஸ்கேலில் அளக்கலாம். புள்ளி நகரவில்லை என்றால் நரம்பு தழும்பில் மாட்டிக்கொண்டது, அறுவை சிகிச்சை பற்றி யோசிக்க வேண்டும். முழங்கையில் அறுந்த அல்நார் நரம்பு உள்ளங்கைத் தசையைப் போய்ச் சேர 30 சென்டிமீட்டர் போக வேண்டுமானால் கணக்குப் போடுங்கள், பத்து மாதம்! அதற்குள் தசை மெலிந்துகொண்டே போகும். ஒன்றரை வருடம் தாண்டிவிட்டால் நரம்பு வந்து சேர்ந்தாலும் தசை பெரும்பாலும் எழுந்திருக்காது. ஓட்டப்பந்தயமேதான்.

இப்போது சொல்லப்போவதை நம்புவது கஷ்டம். தன் முன்கையின் உணர்வு நரம்பைத் தானே வெட்டச் சொல்லி, நான்கு வருடம் அதைப் பரிசோதித்துப் பார்த்த மருத்துவர் ஒருவர் இருந்தார், தெரியுமா? பெயர் ஹென்றி ஹெட். லண்டனின் பெயர்பெற்ற நரம்பியல் மருத்துவர். நோயாளிகளைக் கேட்டால் தெளிவான பதில் வருவதில்லை என்ற அலுப்பில், 1903 ஏப்ரல் 25 அன்று தன் இடது கையில் இரண்டு தோல் நரம்புகளை வெட்டி, முனைகளைப் பட்டு நூலால் தைத்துவிடச் சொன்னார்! வார இறுதிகளில் ரயிலேறி கேம்பிரிட்ஜ் செயின்ட் ஜான்ஸ் கல்லூரிக்குப் போவார். அங்கே நண்பர் டபிள்யூ. ஹெச். ஆர். ரிவர்ஸின் அறையில் கண்ணை மூடிக்கொண்டு உட்காருவார். ரிவர்ஸ் பஞ்சு, ஊசி, சூடான பொருள், குளிர்ந்த பொருள் என்று மாற்றி மாற்றி வைத்துக் குறித்துக்கொள்வார்.

அந்த ரிவர்ஸ் யார் தெரியுமா? அந்த அறுவை சிகிச்சைக்குச் சற்று முன்புதான் நீலகிரியில் தோடர்களிடையே தங்கி ஆராய்ச்சி செய்துவிட்டுத் திரும்பியிருந்தவர்! தோடர்களின் குலம், கோயில், எருமை பற்றி 1906-இல் தடிமனான புத்தகம் எழுதிய அதே ரிவர்ஸ்தான். தோடர்களின் பார்வை, தொடு உணர்வு ஆகியவற்றையும் அவர் அங்கே சோதித்திருந்தார். நீலகிரியில் பழகிய கை கேம்பிரிட்ஜில் நண்பனின் முன்கையைத் தொட்டது.

அவர்கள் கண்டதில் டாக்டர்கள் இன்றைக்கும் மறக்கக் கூடாத ஒன்று உண்டு. நரம்பு வெட்டப்பட்டு, பஞ்சும் ஊசியும் எதுவுமே தெரியாமல் போன தோலில், பென்சிலால் அழுத்தினால் ஹெட்டுக்குத் தெரிந்தது! தோலின் நரம்பு செத்திருந்தாலும், அதற்குக் கீழே தசைக்கும் தசைநாருக்கும் போகும் நரம்புகள் அழுத்தத்தை மூளைக்குச் சொல்லிவிட்டன. மறுபடியும் போலி ஆஜர்! "தொடுறது தெரியுதா?" என்று கேட்டபடி கட்டைவிரலால் அழுத்திப் பார்க்கிறவர் உணர்ச்சியே இல்லாத தோலுக்குத் தேர்ச்சி மதிப்பெண் போட்டுவிடுவார். தொடவேண்டியது பஞ்சால், முடி வருடும் அளவுக்கு. ஹெட்டும் ரிவர்ஸும் 1908-இல் வெளியிட்ட கொள்கை விளக்கத்தைப் பிற்பாடு வந்தவர்கள் ஒத்துக்கொள்ளவில்லை. ஆனால் அழுத்தம் ஏமாற்றும் என்ற பாடம் அப்படியே நிற்கிறது.

குளிக்கும்போது விரல் நுனி சுருங்கி வற்றல் மாதிரி ஆகிறதே, தோல் தண்ணீரில் ஊறி உப்புவதால் என்றுதானே நினைத்துக்கொண்டிருக்கிறோம்? அது நரம்பின் வேலை! தண்ணீரில் கை கிடக்கும்போது நரம்புகள் விரல் நுனியின் ரத்தக் குழாய்களைச் சுருக்குகின்றன. உள்ளே கொள்ளளவு குறைந்ததும் மேல்தோல் மடிப்பு மடிப்பாகிறது. நரம்பு அறுந்த விரல் தண்ணீரில் எவ்வளவு நேரம் கிடந்தாலும் வழவழவென்றே இருக்கும். 1973-இல் ஓ'ரியெய்ன் என்ற அறுவை சிகிச்சை மருத்துவர் இதைப் பரிசோதனையாகவே எழுதினார். சுமார் 40 டிகிரி வெந்நீரில் அரை மணி நேரம் கையை வைத்து எடுத்தால் போதும். பதில் சொல்லத் தெரியாத கைக்குழந்தைக்கு இதைவிட நல்ல சோதனை உண்டா? இன்னொன்றும் உண்டு. நரம்பு போன தோலில் வியர்வை சுரக்காது. வழுவழுப்பான பிளாஸ்டிக் பேனாவை விரலின்மீது லேசாக இழுத்தால், நல்ல தோலில் வியர்வை ஈரத்தால் கொஞ்சம் ஒட்டி ஒட்டிப் போகும், உணர்வற்ற காய்ந்த தோலில் வழுக்கிக்கொண்டு ஓடும்!

காயம் பெரிதானால் கோணல் குறையும் என்றால் நம்புவீர்களா? அல்நார் நரம்பு மணிக்கட்டில் அறுந்தால் மோதிர விரலும் சுண்டுவிரலும் நகம்போல் வளைந்துவிடும். அதே நரம்பு அதற்கும் மேலே, முழங்கையில் அறுந்தால் வளைவு குறைவாக இருக்கும்! காரணம், அந்த இரண்டு விரல்களையும் மடக்கி இழுக்கும் முன்கைத் தசையும் சேர்ந்து படுத்துவிடுகிறது. இழுக்க ஆளில்லை, வளைய வழியில்லை. முழங்கைக் காயம் ஆறத் தொடங்கும்போது முதலில் உயிர் பெறுவது அந்த இழுக்கும் தசைதான். ஆகவே விரல்கள் முன்பைவிட அதிகமாக வளையும். "இன்னும் மோசமாயிடுச்சே டாக்டர்!" என்று நோயாளி பதறுவார். டாக்டர் சந்தோஷப்படுவார்.

இன்னும் ஒரு குழப்பம். சிலருக்கு முன்கைக்குள்ளேயே மீடியன் நரம்பிலிருந்து ஒரு கிளை குறுக்கே ஓடி அல்நாரோடு சேர்ந்துவிடும். நூற்றில் பதினைந்து இருபது பேருக்கு இப்படி என்கிறார்கள். ஸ்வீடனில் மார்ட்டின் என்பவர் 1763-லேயே இதை ஊகித்துவிட்டார்! இவர்களுக்கு முழங்கையில் அல்நார் முழுக்க அறுந்தாலும் உள்ளங்கைத் தசைகள் சில வேலை செய்துகொண்டே இருக்கலாம். ஆகவே ஒரு சோதனையை மட்டும் நம்பித் தீர்ப்பு எழுதக் கூடாது. இரண்டு புறங்கைகளையும் ஒட்டவைத்து மணிக்கட்டை மடக்கி ஒரு நிமிடம் பிடிக்கும் ஃபாலன் சோதனைக்கும் இது பொருந்தும். மணிக்கட்டில் ஒன்பது தசைநார்களோடு மீடியன் நரம்பும் நெருக்கியடித்துப் போகும் சந்து இறுகியிருந்தால், அந்த ஒரு நிமிடத்துக்குள் கட்டைவிரல், ஆள்காட்டி விரல், நடுவிரல் மதமதக்கும். ஆனாலும் சிலருக்கு ஒன்றும் தெரியாது.

இந்தச் சின்னச் சோதனைகளில் ஒன்று நம் ஊரில் பல ஆயிரம் பேரின் விதியை மாற்றியது தெரியுமா? பால் பிராண்ட், 1914-இல் கொல்லிமலையில் மிஷனரிப் பெற்றோருக்குப் பிறந்தவர். இங்கிலாந்தில் அறுவை சிகிச்சை படித்து வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரிக்கு வந்தார். 1947-இல் தொழுநோய் நிபுணர் ராபர்ட் காக்ரேன் அவரைச் செங்கல்பட்டு தொழுநோய் மருத்துவமனைக்கு அழைத்துப் போனார். அங்கே விரல்கள் நகம்போல் மடங்கிய ஒரு நோயாளியிடம் தன் கையைக் கொடுத்து, அழுத்திப் பிடிக்கச் சொன்னார் பிராண்ட். செத்துப்போன கை என்று நினைத்தார். வலியில் துடித்துப்போகும் அளவுக்கு இறுக்கியது அந்தக் கை! தன் பிடி எவ்வளவு பலமானது என்பதே அந்த நோயாளிக்குத் தெரியவில்லை.

அந்தக் கைகுலுக்கலில் பிராண்டுக்குப் புரிந்தது இதுதான்: முன்கையின் மடக்கும் தசைகள் நன்றாக உயிரோடு இருக்கின்றன. அதன்பிறகு அவரும் குழுவினரும் ஏராளமான கைகளைத் தசை தசையாகச் சோதித்தார்கள். ஒரே வரைபடம் திரும்பத் திரும்ப வந்தது. அல்நார் முழங்கையருகே பழுதாகிறது, மீடியன் மணிக்கட்டருகே பழுதாகிறது, நடுவில் முன்கைத் தசைகள் பிழைத்துக்கொள்கின்றன. நோய்க்கிருமிக்கு உடலின் குளிர்ந்த பகுதிகள் பிடிக்கும். தோலுக்கு அருகே நரம்பு வருகிற இடங்கள் அப்படிப்பட்டவைதான். பிழைத்த முன்கைத் தசையின் நாரை எடுத்து விரலுக்கு மாற்றி, மடங்கிய விரல்களை விரிய வைத்தார் பிராண்ட். விரல்கள் அழுகி உதிர்வது நோயால் என்று ஊரே நம்பியபோது, வலி தெரியாததால் சூட்டிலும் வெட்டிலும் பட்டுப் பட்டுத் தேய்வதுதான் காரணம் என்று சொன்னவரும் அவர்தான்.

இன்றும் தொழுநோய்த் திட்டத்தில் ஊழியர்கள் செய்வது இதுதான். சுண்டுவிரலை வெளியே தள்ளு: அல்நார். உள்ளங்கை மேலே பார்க்க, கட்டைவிரலைக் கூரையை நோக்கித் தூக்கு: மீடியன். மணிக்கட்டைத் தூக்கு: ரேடியல். ஊழியர் தன் விரலால் எதிர்த்து அழுத்திப் பார்த்து, பலம், பலவீனம், செயலிழப்பு என்று மூன்றில் ஒன்றைக் குறித்துக்கொள்வார். பிறகு கண்ணை மூடச் சொல்லி, பால்பாயின்ட் பேனாவின் நுனியால் உள்ளங்கையில் லேசாகக் குழி விழும் அளவுக்குத் தொடுவார். தொட்ட இடத்தை நோயாளி விரலால் காட்ட வேண்டும். முழங்கைக்குப் பின்னால் அல்நார் நரம்பைத் தடவி, தடித்திருக்கிறதா என்றும் பார்ப்பார். ஐந்து நிமிட வேலை!

அந்த ஐந்து நிமிடம் ஏன் முக்கியம் தெரியுமா? நரம்பு பழுதாகி ஆறு மாதத்துக்குள் ஸ்டீராய்டு மருந்து கொடுத்தால் பலருக்கு உணர்வும் பலமும் திரும்பும். தாமதித்தால் வாய்ப்பு மளமளவென்று குறையும். பேப்பரும் பேனாவும் வீட்டில் விளையாட்டுக்குச் சரி, முடிவு சொல்வது டாக்டரின் வேலை. உணர்ச்சியில்லாத தேமல் இருந்தாலோ, சுண்டுவிரல் மதமதத்து வெளியே தள்ளப் பலமில்லாமல் போனாலோ உடனே பக்கத்து அரசு ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போங்கள். தொழுநோய் என்றே தெரியவந்தாலும் அங்கே கூட்டு மருந்து சிகிச்சை முழுக்க இலவசம்.